படிக்கட்டில் உட்கார்ந்து படித்தவர்கள்

கல்யாண வீடியோ எடுப்பது என் தொழில். செம்பூர் ஸ்டேஷனிலிருந்து நடந்து வருகிற தூரத்தில், இரண்டாம் மாடியில், அம்மாவும் நானும் குடியிருக்கிறோம். முன்னறையில் பாதி சோபா, பாதி கம்ப்யூட்டர். என் ஆபீஸ், எடிட்டிங் ரூம், வாடிக்கையாளர்கள் உட்கார்ந்து காபி குடிக்கிற இடம் எல்லாம் அதுதான். சீமந்தம், பூணூல், நாட்டிய அரங்கேற்றம், கல்லூரி ஆண்டு விழா, எது வந்தாலும் எடுப்பேன். அழுகிற மணப்பெண்ணை எந்தப் பக்கத்திலிருந்து எடுத்தால் அழகாக இருப்பாள், சாப்பாட்டுப் பந்தியில் யாரை எடுக்கக் கூடாது என்பதெல்லாம் எனக்கு அத்துப்படி. ஒரு ஆள் உட்கார்ந்து தன் வாழ்க்கையில் நடந்ததைச் சொல்ல, அதை அப்படியே எடுக்க வேண்டும் என்ற நிலைமை மட்டும் அதுவரை எனக்கு வந்ததில்லை.

அது வந்தது ஒரு தாராவிக் கல்யாணத்தின் வழியாக. மணப்பெண் அங்கேயே ஒரு பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சர். மாப்பிள்ளை அதே பகுதியில் ஒரு மாடியில் சின்ன சட்டைப் பட்டறை வைத்திருக்கிறார். இரண்டு வீடும் திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து வந்து இரண்டு தலைமுறையானவர்கள். மேடையில் உட்கார்ந்திருந்தபோதும் அந்தப் பெண்ணால் சும்மா இருக்க முடியவில்லை. லைட்டை நகர்த்தட்டுமா, மாலை மறைக்கிறதா என்று என்னைக் கேட்டுக்கொண்டே இருந்தாள். மற்ற மணப்பெண்களுக்கு நான் கேமராவுக்குப் பின்னால் இருக்கிற ஒரு இருட்டு. அவளுக்கு மட்டும் நான் ஒரு ஆளாகத் தெரிந்தேன்.

கல்யாணம் முடிந்து சில வாரம் கழித்து வீடியோவை வாங்கிக்கொள்ளத் தனியாக வந்தாள். இங்கேயே ஒருமுறை பார்த்துவிடுகிறேன் என்று உட்கார்ந்து, தன் சித்தப்பா ஆடிய ஆட்டத்துக்கு வயிறு வலிக்கச் சிரித்தாள். பென் டிரைவைப் பையில் போட்ட பிறகும் எழுந்துகொள்ளவில்லை.

"அக்கா, ஒரு ஆளு சும்மா உக்காந்து பேசுதத எடுப்பியளா? பாட்டு, டான்ஸ் ஒண்ணும் வேண்டாம். பேச்சு மட்டும்."

பள்ளிக்கூடத்துக்கு ஏதோ பாடம் எடுக்கிற வீடியோ போலிருக்கிறது என்று நினைத்தேன். இல்லை என்றாள். பிறகு மெதுவாகச் சொல்ல ஆரம்பித்தாள்.

அவள் படித்தது நகரத்தின் இந்தப் பக்கத்தில் இருக்கிற ஒரு கல்லூரியில். உதவித்தொகையில் படித்தாள். கடைசி வருடத்தில் அரசாங்கத்திலிருந்து வர வேண்டிய தொகை தாமதமாயிற்று. அது வந்து சேரும்வரை உதவித்தொகை மாணவர்களுக்குப் பரீட்சை ஹால் டிக்கெட் கிடையாது என்று கல்லூரி சொல்லிவிட்டது. லைப்ரரிக்குள்ளும் விடவில்லை. கோஷம் போட்டால் ரகளை என்பார்கள், அதனால் வாயே திறக்க வேண்டாம் என்று மாணவர்கள் தங்களுக்குள் பேசி முடிவு செய்தார்கள். பிரதான கட்டடத்தின் முன்னால் இருக்கிற அகலமான படிக்கட்டில் புத்தகங்களோடு போய் உட்கார்ந்தார்கள். ஆட்கள் ஏறி இறங்க ஒரு ஓரம் விட்டுவிட்டு, மீதிப் படிகளில் உட்கார்ந்து, எழுத விடாத பரீட்சைக்குப் படித்தார்கள். ஒருவர் படிக்க மற்றவர்கள் குறிப்பெடுப்பார்கள். கணக்கு வாத்தியார் ஒருவர் அந்தப் பக்கம் போகும்போது குனிந்து பார்த்து, மூன்றாவது வரியில் குறி தப்பாக இருக்கிறது என்று திருத்திவிட்டுப் போவாராம்.

நாளாக ஆகக் கட்டணம் கட்டிவிட்ட பிள்ளைகளும் வந்து உட்கார ஆரம்பித்தார்கள். அதுதான் கல்லூரிக்குப் பொறுக்கவில்லை என்பது அவள் கணிப்பு. ஒரு காலை வாட்ச்மேன்களும் போலீஸும் சேர்ந்து வந்து எல்லோரையும் இழுத்து அப்புறப்படுத்தினார்கள். விசாரணைக்கு என்று செல்போன்களை வாங்கிக்கொண்டார்கள். திரும்பக் கிடைத்தபோது எல்லாப் போனும் கடையிலிருந்து வாங்கிய அன்று இருந்ததுபோல் காலி. சிலரைச் சாயங்காலம்வரை ஸ்டேஷனில் உட்கார வைத்தார்கள். அவளும் அதில் ஒருத்தி. மன்னிப்பு எழுதிக் கொடுத்தவர்களுக்குப் பரீட்சை. கொடுக்காதவர்கள் ஒரு வருடம் சஸ்பெண்ட். அவள் கொடுக்கவில்லை. வெளியாட்கள் சிலர் வந்து இடையூறு செய்து, பிறகு அமைதியாகக் கலைந்து போனதாகக் கல்லூரி அறிவித்தது. விடுமுறை முடிந்து திறந்தபோது படிக்கட்டைச் சுற்றி இரும்புக் கம்பி போட்டிருந்தார்கள்.

இதெல்லாம் நடந்து சில வருடங்கள் ஆகிவிட்டன. இப்போது ஏன் என்று கேட்டேன். பள்ளிக்கூடத்தில் புதிதாக வந்த டீச்சர் ஒருத்தி அதே கல்லூரியில் பிறகு படித்தவளாம். பேச்சுவாக்கில் இதைச் சொன்னபோது, அப்படி எதுவும் நடக்கவில்லையே, நாங்கள் கேள்விப்பட்டதே இல்லையே என்றாளாம். பொய் சொல்கிற முகம் இல்லை அது, உண்மையாகவே தெரியாத முகம்.

"ஒரு போட்டோ கூட இல்லக்கா. நாங்க அங்க உக்காந்திருந்தோம்னு சொல்லுததுக்கு எங்கள விட்டா வேற எதுவும் கெடையாது."

அந்தக் கல்லூரியின் ஆண்டு விழாவை நான் பல வருடம் எடுத்திருக்கிறேன். அந்தப் படிகள் எனக்குத் தெரியும். குத்துவிளக்கும் பூக்கோலமும் வைத்து, சிறப்பு விருந்தினர் ஏறி வருகிற காட்சியைக் கீழிருந்து மேலாக எடுப்பேன். பிறகொரு வருடம் பக்கவாசல் வழியாக விருந்தினரை அழைத்துப் போனார்கள். கம்பி இருப்பதால் என்று நினைத்தேனே தவிர, கம்பி ஏன் என்று யோசிக்கவில்லை.

எடுக்கலாம் என்று அவளிடம் சொல்லிவிட்டேன். அவள் போன பிறகு அம்மா அடுக்களையிலிருந்து வந்தாள். ஃபோர்ட்டில் ஒரு ஆபீஸில் டைப்பிஸ்டாகச் சேர்ந்து, சூப்பரிண்டெண்டாக ரிடயர் ஆனவள். சுவருக்கு அந்தப் பக்கம் பேசினாலும் அவள் காதில் முழுசாக விழும்.

"எதுக்குடி நமக்கு இந்த வம்பெல்லாம்? நாளைக்கு போலீஸ் ஆத்து வாசல்ல வந்து நின்னா நீ என்ன பண்ணுவே?"

காபி கொடுப்பேன் என்றேன். அம்மாவுக்குச் சிரிப்பு வரவில்லை. ஆனால் அந்த ஞாயிற்றுக்கிழமை படம் எடுக்கப் போகிறோம் என்று தெரிந்ததும், குக்கரை எப்போது வைக்கலாம் என்று அவளாகவே கேட்டாள். எங்கள் வீட்டில் சத்தம் ஒரு பெரிய தொல்லை. ஹார்பர் லைன் ரயில் ஹாரன் அடிக்கும், மேல் வீட்டில் சுவரைத் துளைப்பார்கள், பழைய சாமான் வாங்குகிறவன் கீழே கத்துவான். குறைந்தபட்சம் எங்கள் குக்கரையாவது நிறுத்திவைக்கலாம்.

டீச்சர் ஒரு நல்ல சேலை கட்டிக்கொண்டு வந்தாள். நாற்காலியில் உட்கார்ந்ததும் கல்யாண மேடைபோலவே நிமிர்ந்து, கேமராவைப் பார்த்துப் புன்னகைத்தாள். லென்ஸைப் பார்க்க வேண்டாம், என்னைப் பார்த்துப் பேசினால் போதும் என்றேன். ஹிந்தியில் ஆரம்பித்தாள். தேதி, நேரம், யார் வந்தார்கள், யார் உத்தரவு போட்டார்கள் என்று தடங்கலில்லாமல் வந்தது. நன்றாகத்தான் இருந்தது. ஆனால் பலமுறை சொல்லிப் பழகிய மாதிரி இருந்தது. அவளே நிறுத்தினாள்.

"ஹிந்தில சொன்னா ஸ்டேஷன்ல சொல்லுத மாதிரியே இருக்குக்கா. தமிழ்ல சொல்லட்டா?"

தமிழில் ஆரம்பித்ததும் அவள் நிதானம் குறைந்தது, சொன்ன விஷயம் கூடியது. படிகளின் கல் காலையில் எவ்வளவு குளிர்ச்சியாக இருக்கும், மத்தியானம் எப்படிச் சுடும், புத்தகத்தின் அட்டையைக் கீழே போட்டு உட்காரலாமா கூடாதா என்று தோழிகளோடு தகராறு, யாரோ வடாபாவ் வாங்கி வந்து எல்லோருக்கும் பிய்த்துக் கொடுத்தது. இழுத்துப் போனபோது ஒற்றைச் செருப்பு அங்கேயே விழுந்துவிட்டது. ஸ்டேஷனில் சாயங்காலம்வரை செருப்பில்லாத காலை மடக்கி, செருப்புப் போட்ட காலின்மேல் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாளாம். அதைச் சொன்ன பிறகு பேச்சு நின்றது. கல்யாண வீடியோவில் இப்படி ஒரு இடைவெளி வந்தால் அங்கே ஒரு பாட்டைப் போட்டு மூடிவிடுவேன். அன்றைக்குக் கையைக் கட்டிக்கொண்டு காத்திருந்தேன். ரயில் ஒன்று போயிற்று. அவள் தண்ணீர் குடித்தாள். பிறகு தொடர்ந்தாள். படத்தில் அந்த ரயிலும் அந்தத் தண்ணீரும் அப்படியே இருக்கின்றன.

அவள் போகும்போது அம்மா டிபன் பாக்ஸில் அடை வைத்துக் கொடுத்தாள். படுக்கப் போகும் முன், "அந்தச் செருப்பை யாராவது எடுத்துக் கொடுத்தாளாமா?" என்று கேட்டாள். வம்பு என்ற வார்த்தை அதற்குப் பிறகு எங்கள் வீட்டில் வரவில்லை.

ஒருவர் வந்தால் இன்னொருவர் வருவார் என்று டீச்சர் சொல்லியிருந்தாள். அப்படியே ஆயிற்று. கோபர்கைரனேயிலிருந்து ஒருத்தி கைக்குழந்தையோடு வந்து, குழந்தை என் அம்மாவின் மடியில் தூங்க, தான் பேசிவிட்டுப் போனாள். புனேயில் வேலை பார்க்கிற ஒருவர் ஊருக்கு வந்திருந்தபோது வந்தார். ஆனால் இந்தப் படம் என்ன மாதிரிப் படம் என்று எனக்கே புரிந்தது டீச்சரின் தாயாரை எடுத்த அன்றுதான்.

அந்த அம்மாளை அவர்கள் வீட்டிலேயே எடுத்தோம். தாராவியில் தொண்ணூறடி ரோட்டிலிருந்து உள்ளே போகிற ஒரு சந்தில், செங்குத்தான இரும்பு ஏணியில் ஏறிப் போகிற மாடி அறை. கணவர் இல்லாமல் தனியாகப் பெண்ணை வளர்த்தவர். சட்டைப் பட்டறைகளில் தாகா கட்டிங் வேலை, அதாவது தைத்து முடித்த துணியில் தொங்குகிற நூலைக் கத்தரிக்கிற வேலை. அவரிடம் எனக்கு வேண்டியிருந்தது ஒரு சின்ன விஷயம்தான். மகளை ஸ்டேஷனிலிருந்து அழைத்து வந்த சாயங்காலத்தைச் சொன்னால் போதும். டீச்சரே மைக்கைக் கம்பில் கட்டித் தாயாரின் தலைக்கு மேலே பிடித்துக்கொண்டு நின்றாள்.

அவர் ஸ்டேஷனைப் பற்றிச் சொன்னார். வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்ததையும், உள்ளே போய்க் கேட்கப் பயமாக இருந்ததையும், கடைசியில் மகள் ஒற்றைச் செருப்போடு வந்ததையும் சொன்னார். சரி, முடிந்தது என்று நான் நினைத்தபோது மேலும் பேசினார்.

"அன்னைக்கு ராத்திரி இவ ஒண்ணும் சொல்லல. நானும் கேக்கல. கொஞ்ச நாள் கழிச்சு பைய மாட்டிக்கிட்டு வழக்கம்போல கெளம்புனா. காலேசுக்குப் போறேன்னா. சரின்னேன். ஒரு வருசம் அப்படித்தான் போனா. காலேசுல சேக்கலன்னு எனக்குத் தெரியும்."

மைக் கம்பு கொஞ்சம் தாழ்ந்தது. சஸ்பெண்ட் ஆனதை டீச்சர் தாயாரிடம் சொன்னதே இல்லை. அவள் எங்களிடம் பேசியபோதே அதைச் சொல்லியிருந்தாள். தினமும் காலையில் கல்லூரிக்கு என்று கிளம்பி, மாட்டுங்காவில் ஃபைவ் கார்டன்ஸ் பார்க்கில் உட்கார்ந்து படித்துவிட்டு, சாயங்காலம் இரண்டு வீடுகளில் டியூஷன் எடுத்துவிட்டு வீட்டுக்கு வருவாளாம். அம்மைக்குத் தெரிந்தால் உடைந்துவிடுவாள் என்று நினைத்ததாகச் சொல்லியிருந்தாள்.

எப்படித் தெரியும் என்று நான்தான் கேட்டேன்.

"பக்கத்து வீட்டு அக்கா பாத்துட்டு வந்து சொன்னாவ, ஒம் மக பார்க்குல உக்காந்திருக்கான்னு. எவன்கூடயும் சுத்துதாளோன்னு நெனச்சேன். நானே ஒரு நா போனேன். மரத்தடியில தனியா உக்காந்து, தலைய குனிஞ்சு படிச்சுக்கிட்டு இருந்தா. கொஞ்ச நேரம் நின்னு பாத்தேன். வந்துட்டேன்."

"கூப்பிடலையா?"

"படிக்குத புள்ளைய எதுக்குக் கூப்பிடணும்?"

அந்த வரியை அவர் கொஞ்சம் கோபமாகவே சொன்னார், நான் கேட்டது அவ்வளவு பைத்தியக்காரத்தனமான கேள்வி என்பதுபோல. பிறகு அவர் முகம் மாறிச் சிரிப்பு வந்தது. மறுநாளிலிருந்து டப்பாவில் ஒரு கரண்டி சோறு கூட வைத்தாராம், வெளியே காற்றில் உட்கார்ந்தால் பசிக்கும் என்று. சாயங்காலம் மகள் வந்து கல்லூரியில் நடந்ததாகக் கதை சொல்வாள். இன்ன வாத்தியார் இன்ன பாடம் எடுத்தார், இன்னொருவருக்குப் பெண் குழந்தை பிறந்திருக்கிறது, லட்டு கொடுத்தார். எல்லாம் பொய் என்று தெரிந்தே கேட்டுக்கொண்டிருப்பாராம்.

"நல்லா சொல்லுவாம்மா. அந்தப் புள்ளைக்குப் பேரு வச்சாச்சான்னு ஒரு நா நானே கேட்டேன்."

மைக் இப்போது படத்துக்குள்ளேயே வந்துவிட்டது. டீச்சர் அதைக் கவனிக்கவில்லை. "எம்மா, ஒனக்குத் தெரியுமா?" என்றாள். கை வலிக்கும், அந்தக் கம்பைக் கீழே வை என்றார் அந்த அம்மாள். டீச்சர் கம்பைப் போட்டுவிட்டு அவர் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தாள். அழவும் செய்தாள், அந்த லட்டை நினைத்துச் சிரிக்கவும் செய்தாள். நான் கேமராவை நிறுத்தவில்லை. நிறுத்த வேண்டாம் என்று டீச்சர் கண்ணால் சொன்னாள். பிற்பாடு எடிட் செய்தபோது, கம்பு உள்ளே வருகிற இடத்தை வெட்டவா என்று கேட்டதற்கும் வேண்டாம் என்றுதான் சொன்னாள்.

அன்றைக்குத் தாராவியிலிருந்து பஸ்ஸில் வரும்போது ஜன்னலோர சீட் கிடைத்தது. மடியில் கேமராப் பை. இவ்வளவு நாள் நான் எடுத்த எதையும் இப்படிப் பத்திரமாகக் கட்டிக்கொண்டு வந்ததில்லை.

தாணேயிலிருந்து வந்த ஒருவரை இதற்கு முன்பே எடுத்திருந்தேன். அவரும் தமிழர்தான், டீச்சரோடு ஒரே வகுப்பு. இப்போது ஒரு கம்பெனியில் அக்கவுண்ட்ஸ் பார்க்கிறார். அவர் மன்னிப்பு எழுதிக் கொடுத்தவர். அதற்குப் பிறகு அவரும் டீச்சரும் பேசிக்கொண்டதில்லை. டீச்சர் இல்லாத நாளாகப் பார்த்து வந்தார், முகத்தைக் காட்டக் கூடாது என்றார். ஜன்னலைப் பார்த்து உட்காரச் சொல்லி முதுகுப் பக்கத்திலிருந்து எடுத்தேன். நடந்ததை நடந்தபடி சொன்னார். ஆனால் தான் என்ன செய்தேன் என்பதை ஒரே வரியில் முடித்துவிட்டார். போலீஸ் கேண்டீன் பக்கத்துப் பின்வாசல் வழியாக வந்தார்கள் என்றார். டீச்சர் முன்வாசல் என்று அடித்துச் சொல்லியிருந்தாள். இரண்டையும் அப்படியே வைத்துக்கொண்டேன்.

தாயாரின் பகுதியை எடிட் செய்து முடித்ததும், அதைத் தாணேக்காரரிடம் காட்டலாமா என்று டீச்சரிடம் கேட்டேன். கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, காட்டுங்கள் என்றாள். தாணேயிலிருந்து ஒரு சனிக்கிழமை வந்து, எங்கள் சோபாவில் உட்கார்ந்து பார்த்தார். அந்த அம்மாளின் வீட்டில் அவர் எத்தனையோ தடவை சாப்பிட்டிருக்கிறாராம். முடிந்ததும், திரும்ப ஒருமுறை போடச் சொன்னார். பிறகு, "மேடம், என்னுடையதைத் திரும்ப எடுக்கலாமா? முகத்தோடயே எடுங்க. வீட்ல சொல்லிட்டு வர்றேன்" என்றார்.

மனைவியிடம் சொல்லிவிட்டு அடுத்த வாரம் வந்தார். இந்த முறை டீச்சரும் இருக்கட்டும் என்று அவரே கேட்டுக்கொண்டார். அவள் என் பின்னால் முக்காலியில் உட்கார்ந்திருந்தாள். மன்னிப்பு எழுதிய அன்று கல்லூரி ஆபீஸுக்கு அவருடைய அப்பாவை வரவழைத்திருந்தார்கள். அணுசக்தி நகர் பக்கம் ஒரு காண்ட்ராக்டரிடம் எலெக்ட்ரிக் வேலை செய்தவர், வேலை உடையோடு அப்படியே வந்திருந்தார். ஆபீஸில் இருந்த அதிகாரியின் காலில் அப்பா குனிந்து கை வைத்ததைப் பார்த்த பிறகு, என்ன எழுதியிருக்கிறது என்று படிக்காமல் கையெழுத்துப் போட்டதாகச் சொன்னார். அப்பா இறக்கும்வரை அதைப் பற்றி இருவரும் பேசியதில்லை.

அவர் முடித்ததும் டீச்சர்தான் பேசினாள், கேமரா ஓடிக்கொண்டிருக்கும்போதே.

"நீ பரீட்ச எழுதுனதுல எனக்குக் கோவம் இல்ல. அதுக்கப்புறம் ஒரு நாளும் வந்து பேசலைல்ல, அதான்."

சந்து முனைவரை வந்துவிட்டுத் திரும்பிப் போயிருக்கிறேன், ஒருமுறை இல்லை, பலமுறை என்றார் அவர். அப்படியானால் ஏணியில் ஏற என்ன கேடு என்று அவள் கேட்டாள். அவர் முதன்முறையாகச் சிரித்தார். காபி வந்தது. பத்து நிமிடத்துக்குள் முன்வாசலா பின்வாசலா என்று பழைய வகுப்புத் தோழர்களாகவே சண்டை போட ஆரம்பித்துவிட்டார்கள். அம்மா தன் பங்குக்கு, இரண்டு வாசல் வழியாகவும் வந்திருக்கலாமே என்றாள். இருவரும் அது முடியாது என்றார்கள்.

இந்தச் சமயத்தில்தான் அந்தக் கல்லூரி ஆபீஸிலிருந்து போன் வந்தது. ஆண்டு விழாத் தேதி பற்றிப் பேசுவதுபோல ஆரம்பித்து, நீங்கள் ஏதோ பழைய விஷயமாகப் பேட்டி எடுக்கிறீர்களாமே என்று மரியாதையாகவே கேட்டார்கள். ஆமாம் என்றேன். உங்கள் தரப்பில் யாராவது பேச விரும்பினால் அவர்களையும் எடுக்கிறேன், வெட்டாமல் போடுகிறேன் என்றேன். கேட்டுச் சொல்வதாகச் சொன்னார்கள். யாரும் வரவில்லை. ஆண்டு விழாவுக்கும் அதற்குப் பிறகு என்னைக் கூப்பிடவில்லை. அந்த மாதம் எனக்கு இரண்டு அரங்கேற்றம் கிடைத்ததால் வருத்தப்பட நேரமில்லை.

ஒரு விஷயத்தில் மட்டும் நிறைய யோசித்தேன். கம்பி போடுவதற்கு முன்பு அந்தப் படிக்கட்டு எப்படி இருந்தது என்பது என் ஹார்ட் டிஸ்கில் இருக்கிறது, பழைய ஆண்டு விழாக்களில் எடுத்தது. அதைச் சேர்க்கலாமா என்று டீச்சர் கேட்டாள். எனக்கும் ஆசைதான். போட்டும் பார்த்தோம். பட்டுப்புடவைகள் ஏறி வர, கீழே கோலம். அவள் பார்த்துவிட்டு, இது எங்கள் படி இல்லை அக்கா என்றாள். எடுத்துவிட்டேன். அது கல்லூரி விழாவுக்காக எடுத்தது என்ற உறுத்தலும் எனக்கு இருந்தது. ஆகவே படத்தில் படிக்கட்டே கிடையாது. பேசுகிற முகங்கள்தான். பார்க்கிறவர்கள் அந்தப் படிகளைத் தாங்களே கட்டிக்கொள்கிறார்கள். சிலர் பளிங்கு என்கிறார்கள், சிலர் கருங்கல் என்கிறார்கள்.

படம் ஒரு மணி நேரத்துக்கும் குறைவு. முதலில் காட்ட மாட்டுங்காவில் ஒரு சின்ன ஹாலைக் கேட்டேன். அப்பா காலத்திலிருந்து தெரிந்தவர்கள். என்ன படம் என்று விசாரித்தார்கள், சொன்னேன். அந்த வாரம் ஹாலுக்கு வெள்ளையடிக்கப் போவதாகச் சொன்னார்கள். அவர்களைக் குறை சொல்லி என்ன? அம்மாவும் ஆரம்பத்தில் அப்படித்தானே இருந்தாள்.

டீச்சரின் கணவர் தன் பட்டறையைக் கொடுத்தார். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம். தையல் மெஷின்களைச் சுவரோரம் தள்ளி, வெட்டுகிற மேஜையை நிமிர்த்தி, அதன்மேல் வெள்ளைத் துணி கட்டினோம். வெளிச்சம் வராமல் இருக்க ஜன்னல்களில் கறுப்பு லைனிங் துணியை அவரே ஆணியடித்தார். மின்விசிறிச் சத்தத்தில் பேச்சு கேட்காது என்று நான் சொல்ல, நிறுத்தினால் ஆட்கள் மயங்கி விழுவார்கள் என்று அவர் சொல்ல, கடைசியில் ஒன்று ஓடட்டும், ஒன்று வேண்டாம் என்று முடிவாயிற்று.

பேசியவர்கள் எல்லோரும் வந்தார்கள். தாணேக்காரர் மனைவியோடு வந்தார். கோபர்கைரனேக்காரியின் குழந்தை இப்போது நடந்தது. எதுவும் நடக்கவில்லை என்று சொன்ன அந்தப் புது டீச்சர், இப்போது அந்தக் கல்லூரியில் படிக்கிற மூன்று நான்கு பெண்களையும் கூட்டிக்கொண்டு வந்தாள். இடம் போதாமல் துணிக்கட்டுகளின் மேல் ஏறி உட்கார்ந்தார்கள். அம்மா புடவைத் தலைப்பை இழுத்துப் போர்த்திக்கொண்டு முன்வரிசையில் உட்கார்ந்தாள். தாராவிக்குள் அவள் வருவது அதுதான் முதல் தடவை. நாற்பது வருடமாக அதைச் சுற்றி ரயிலில் போய் வந்திருக்கிறாள்.

தன் முகம் அவ்வளவு பெரிதாகத் துணியில் வந்ததும் டீச்சரின் தாயார் வாயைப் பொத்திக்கொண்டார். படிக்கிற பிள்ளையை எதற்குக் கூப்பிட வேண்டும் என்ற இடம் வந்தபோது, பின்னால் துணிக்கட்டுகளின் மேல் யாரோ மூக்கை உறிஞ்சுவது கேட்டது. லட்டு வந்தபோது அறையே சிரித்தது. அவருக்கு அது ரொம்பப் பிடித்துவிட்டது. சிரிப்பு வருகிற இடங்களில் திரும்பித் திரும்பி எல்லோருடைய முகத்தையும் பார்த்தார்.

முடிந்து ஜன்னல் துணிகளை அகற்றிய பிறகு, கல்லூரிப் பெண்கள் டீச்சரைச் சுற்றிக்கொண்டார்கள். எப்படிப் போராடினீர்கள், என்ன கொள்கை என்றெல்லாம் கேட்கப் போகிறார்கள் என்று எதிர்பார்த்தேன். அவர்கள் கேட்டது வேறு. அவ்வளவு நேரம் கல்லில் உட்கார்ந்தால் இடுப்பு வலிக்காதா, பாத்ரூமுக்கு எங்கே போனீர்கள், மழை வந்தால் புத்தகத்தை என்ன செய்தீர்கள்? டீச்சர் வகுப்பெடுப்பதுபோல ஒவ்வொன்றுக்கும் பொறுமையாகப் பதில் சொன்னாள். மழை வரவில்லை என்றாள். ஒரு நாள் தூறியது என்று தாணேக்காரர் அந்த மூலையிலிருந்து குரல் கொடுத்தார். புது டீச்சர் கிளம்பும்போது என்னிடம் வந்து, படத்தின் காப்பி ஒன்று கிடைக்குமா என்று மட்டும் கேட்டாள்.

காப்பி இப்போது பல பேரிடம் இருக்கிறது. தாணேயில், கோபர்கைரனேயில், புனேயில், தாராவியில். அழித்தாலும் ஒன்றாவது மிஞ்சும். அதற்குப் பிறகு இரண்டு கல்லூரி விடுதிகளிலும் ஒரு வக்கீல் வீட்டு மொட்டை மாடியிலும் போட்டார்கள். அந்தக் கல்லூரி இதுவரை ஒன்றும் சொல்லவில்லை. டீச்சர் அந்தப் பரீட்சையை ஒரு வருடம் தாமதமாக எழுதி முதல் வகுப்பில் தேறியதை அவள் எங்கேயும் சொல்வதில்லை, அவள் தாயார்தான் பார்க்கிறவர்களிடமெல்லாம் சொல்கிறார். எனக்குக் கல்யாண சீசன் ஆரம்பித்துவிட்டது. இப்போதெல்லாம் கல்யாண வீடியோவிலும் சில இடங்களில் பாட்டைப் போட்டு மூடாமல் விட்டுவிடுகிறேன். இதுவரை எந்த வாடிக்கையாளரும் புகார் சொல்லவில்லை.

அன்றைக்குப் படம் முடிந்து, சாமான்களைக் கட்டிக்கொண்டு எல்லோரும் மெயின் ரோடுவரை சேர்ந்து நடந்தோம். நானும் டீச்சரும் புரொஜெக்டரை ஆளுக்கொரு பக்கம் பிடித்துக்கொண்டு பின்னால் வந்தோம். முன்னால் என் அம்மாவும் அவள் தாயாரும். நெரிசலில் ஒருவர் கையை ஒருவர் பிடித்துக்கொண்டிருந்தார்கள். போராட்டத்தைப் பற்றித்தான் பேசுகிறார்களோ என்று காதைக் கொடுத்தேன். மாட்டுங்கா மார்க்கெட்டில் எந்தக் கடையில் முருங்கைக்காய் நன்றாக இருக்கும் என்று அம்மா சொல்லிக்கொண்டிருந்தாள். அங்கே விலை ஜாஸ்தி, தாராவிக்குக் காலையில் வந்தால் தானே வாங்கித் தருவதாக அந்த அம்மாள் சொன்னார். அப்படியானால் புதன்கிழமை வருகிறேன் என்றாள் அம்மா. ஆட்டோ நின்றும் ஏறாமல் பேசிக்கொண்டே இருந்தார்கள். டிரைவர் மீட்டரைத் தட்டினார். நாங்கள் இருவரும் புரொஜெக்டரை மடியில் வைத்துக்கொண்டு உள்ளே உட்கார்ந்து காத்திருந்தோம்.